டாமி ஜான் யாரு? வாசகர் கேள்வி பதில்

கேள்வி: பேஸ்பால் வீரர் ஒஹ்தானிக்கு முழங்கையில 'டாமி ஜான் சர்ஜரி' நடந்துச்சுன்னு படிச்சேன். டாமி ஜான்ங்கிறது அந்த டாக்டர் பேரா?

பதில்: இல்லீங்க, அது நோயாளி பேரு. ஆபரேஷன் பண்ணது டாக்டர் ஃபிராங்க் ஜோப். இந்த நோயாளியோட கதையைக் கொஞ்சம் விரிவா சொல்லணும், ஏன்னா இப்ப எல்லாரும் ஆபரேஷன் பேரை மட்டும் ஞாபகம் வச்சிருக்காங்க, ஆளை மறந்துட்டாங்க.

டாமி ஜான் பேஸ்பால்ல இடது கை பிட்சர், அதாவது கிரிக்கெட் பவுலர் மாதிரி பந்து வீசுறவர். 1943ல அமெரிக்காவோட இண்டியானா மாநிலத்துல பொறந்தவர், 1963ல கிளீவ்லேண்ட் டீம்ல ஆரம்பிச்சு அப்புறம் சிகாகோ, 1972லேர்ந்து லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ். வேகத்தை நம்புற ஆள் கிடையாது. பேட்டர்கிட்ட வரும்போது அவர் பந்து சட்டுனு கீழ இறங்கும், அடிச்சாலும் தரையில உருண்டு ஃபீல்டர் கைக்குத்தான் போகும். 1974 ஜூலை 17, மான்ட்ரியல் டீமோட மேட்ச். அந்த சீசன்ல அதுவரைக்கும் அவர் கணக்குல 13 வெற்றி, 3 தோல்வி (பேஸ்பால்ல மேட்ச் வெற்றி தோல்வியை ஒரு பிட்சர் பேர்ல எழுதுவாங்க), செம ஃபார்ம்ல இருக்கார். ஒரு பந்து போடுறார், கை தன்னோடதே இல்லாத மாதிரி ஆயிடுது. இன்னொரு பந்து போட்டுப் பாக்குறார், முடியல, தானே மைதானத்தை விட்டு நடந்துட்டார். முழங்கையோட உள்பக்கம் ரெண்டு எலும்பையும் பிடிச்சு வைக்கிற லிகமென்ட் (நார்) கிழிஞ்சு போயிடுச்சு. அந்தக் காலத்துல பிட்சருக்கு இது வந்தா வேற வேலை தேட வேண்டியதுதான்.

செப்டம்பர் 25 அன்னிக்கு ஜோப் என்ன பண்ணார்னா, வலது மணிக்கட்டுலேர்ந்து ஒரு டெண்டனை (தசையை எலும்போட இணைக்கிற நாணை) எடுத்து, இடது முழங்கை எலும்புல ஓட்டை போட்டு, அதுக்குள்ள கோத்து கட்டினார். உங்க கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் சேர்த்து வச்சு மணிக்கட்டை லேசா மடக்கிப் பாருங்க, நடுவுல கயிறு மாதிரி ஒண்ணு தூக்கிட்டு நிக்கும் (சிலருக்கு அது இருக்கவே இருக்காது, பயப்படாதீங்க), அதேதான். அது இல்லாமலும் கை நல்லா வேலை செய்யும். திரும்ப ஆட நூத்துல ஒரு சான்ஸ்தான்னு டாக்டரே சொல்லியிருந்தார். அப்புறம் நரம்பு பாதிச்சு விரல் மடங்கிப்போய் இன்னொரு ஆபரேஷன். 1975 முழுக்க ஒரு மேட்ச் கூட இல்ல, ஆனா பந்து போடுறதை நிறுத்தவே இல்ல, டீம்மேட் மைக் மார்ஷல் உதவியோட காலைத் திருப்பாம நேரா பேட்டரைப் பாத்துப் போடுற மாதிரி தன் முறையையே மாத்திக்கிட்டார்.

1976ல வந்தார். 1977ல 20 வெற்றி, அந்த அக்டோபர்ல ஃபிலடெல்ஃபியாவுல மழை கொட்டக் கொட்ட ஒத்தை ஆளா முழு மேட்சும் போட்டு டாட்ஜர்ஸை வேர்ல்ட் சீரிஸுக்கு (சீசனோட இறுதிப் போட்டித் தொடருக்கு) கூட்டிட்டுப் போனார். 1979, 80ல நியூயார்க் யாங்கீஸுக்கு மறுபடியும் 20க்கு மேல. 46 வயசு வரைக்கும், 1989 வரைக்கும் ஆடினார். மொத்தம் 288 வெற்றி, அதுல ஆபரேஷனுக்கு முன்னாடி 124, பின்னாடி 164. இவ்வளவு இருந்தும் 15 வருஷம் ஓட்டெடுப்புல பேர் வந்தும், பெரிய ஆட்டக்காரங்களை கௌரவிக்கிற பேஸ்பால் ஹால் ஆஃப் ஃபேம்ல சேர்க்கல. எனக்கு இது அநியாயமாத்தான் படுது. டாக்டர் ஜோப்பை 2013ல அங்கயே கூப்பிட்டு மரியாதை பண்ணாங்க, அது ரொம்ப சரி, ஆனா அந்தக் கையை வச்சுக்கிட்டு மறுபடி ஜெயிச்சுக் காட்டினவர் வெளியில நிக்கிறாரே.

கேள்வி: கிரிக்கெட்ல ஃபாஸ்ட் பவுலருக்கு இந்த ஆபரேஷன் ஏன் அதிகம் கேள்விப்படறதில்ல?

பதில்: பவுலர் கையை கிட்டத்தட்ட நேரா வச்சு ஓடி வந்து போடுறார், 15 டிகிரிக்கு மேல முழங்கை நிமிர்ந்தாலே த்ரோன்னு சொல்லிடுவாங்க. அதனால அழுத்தம் முதுகு, தோள், கணுக்காலுக்குப் போகுது. பிட்சர் நின்ன இடத்துலேர்ந்து முழங்கையை மடக்கி, முன்கை பின்னாடி சாஞ்சு, அப்புறம் சாட்டை மாதிரி வீசணும், அந்த நொடியில உள்பக்க லிகமென்ட்தான் மொத்த இழுப்பையும் தாங்குது. ஈட்டி எறியிறவங்களுக்கும் இதே பிரச்சனை வரும்.

கேள்வி: நாங்க நியூஜெர்சியில இருக்கோம். 12 வயசு பையன் பிட்சிங் பண்றான். இந்த ஆபரேஷனை முன்னாடியே பண்ணிட்டா வேகம் கூடும்னு இன்னொரு பையனோட அப்பா சொல்றாரே?

பதில்: தயவுசெஞ்சு அதை நம்பாதீங்க. வேகம் கூடினவங்களுக்கு அது ஒரு வருஷத்துக்கு மேல பண்ற பயிற்சியால கூடினது. புது லிகமென்ட்டும் போகும், ஒஹ்தானிக்கே 2018ல ஒண்ணு, 2023ல மறுபடியும் முழங்கையில ஆபரேஷன். லிட்டில் லீக்ல (சின்னப் பசங்க பேஸ்பால் அமைப்புல) உங்க பையன் வயசுக்கு ஒரு நாளைக்கு 85 பந்துதான், 66க்கு மேல போட்டா நாலு நாள் ரெஸ்ட். ரெண்டு டீம்ல ஆடுறான்னா ரெண்டையும் சேர்த்து நீங்கதான் எண்ணணும், கோச் எண்ணமாட்டார். வருஷத்துல மூணு நாலு மாசமாவது பிட்சிங்கே வேணாம், வேற ஏதாவது ஆடட்டும். முழங்கை உள்பக்கம் வலிக்குதுன்னு சொன்னா 'ஒரு இன்னிங்ஸ் பாத்துக்கோ கண்ணா'ன்னு அனுப்பாதீங்க, அன்னிக்கே நிறுத்திட்டு ஸ்போர்ட்ஸ் டாக்டர்கிட்ட காட்டுங்க.