கோலிக்குக் கால்தான் முதலில்

அன்புள்ள அண்ணா,

வியாசர்பாடியிலிருந்து எழுதுகிறேன். பத்து வருஷத்துக்கு மேல் கால்பந்து லீக்கில் கோலியாக, அதாவது கோல்கீப்பராக நின்றேன். முழங்கால் போனதால் விட்டுவிட்டேன். இப்போது சாயங்காலம் எங்கள் ஏரியா பசங்களுக்குப் பயிற்சி கொடுக்கிறேன். கோச்சிங் லைசென்ஸ் எடுக்கலாம் என்றால், "கோலி கடைசிவரைக்கும் கீப்பர் கோச்தான், டீமை நடத்த முடியாது" என்கிறார்கள். உண்மையா? பயம் போவதற்காக சின்னப் பசங்களைத் தினமும் இடம் வலம் ஒவ்வொரு பக்கமும் ஐம்பது டைவ் (பந்தைப் பிடிக்கப் பாய்ந்து விழுவது) அடிக்க வைக்கிறேன். நாலு பேர் வருவதை நிறுத்திவிட்டார்கள். கிளவுஸ் பற்றியும் சொல்லுங்கள்.

அன்புள்ள தம்பி,

நம் பக்கத்தில் ஃபார்வர்டுக்குப் பஞ்சமே இல்லை, கோலிக்கு நிற்கிற பசங்கள் மட்டும் ஏன் பாதியில் நழுவிவிடுகிறார்கள் என்பதைத்தான் கொஞ்ச நாளாக யோசித்துக்கொண்டிருந்தேன். அதற்கான காரணத்தை உங்கள் கடிதத்தில் ஒரே வரியில் எழுதியிருக்கிறீர்கள், நீங்கள் கவனிக்கவில்லை.

முதலில் கேட்ட கேள்விக்கு வருகிறேன். டினோ ஸோஃப் 1982-ல் நாற்பது வயதில் கோல்கீப்பர் கேப்டனாக உலகக்கோப்பை வாங்கினார். 2000-ல் இத்தாலியின் கோச்சாக ஐரோப்பியக் கோப்பையான யூரோவின் இறுதிப்போட்டி வரை போனார். 1962 ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற நம் இந்திய அணியின் கோலி பீட்டர் தங்கராஜ், ராணுவத்தின் மெட்ராஸ் ரெஜிமெண்டில் வளர்ந்தவர். ஆட்டத்தை விட்டபின் பொக்காரோவில் கோச்சாக இருந்தார். மைதானம் முழுவதையும் முகத்துக்கு நேராகப் பார்த்துக்கொண்டே ஆடுகிறவன் கோலி ஒருவன்தான். அவனுக்கு ஆட்டம் தெரியாது என்று சொல்கிறவர்களிடம் வாதாடி நேரத்தை வீணாக்காதீர்கள்.

ஐம்பது டைவ் விஷயத்துக்கு வருவோம். கட்டாந்தரையில், பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளையை, பக்கத்துக்கு ஐம்பது! உங்களுக்கு அப்படிச் சொல்லிக்கொடுத்தார்கள் என்றால், உங்கள் முழங்கால் கதையை மறந்துவிட்டீர்களா? பத்து டைவுக்கு மேல் பையனின் கால் சோர்ந்துவிடும். தரையை உந்தும் வேகம் போய், மூட்டை மாதிரி இடுப்பெலும்பில் விழுவான். தோல் உரியும். மறுநாள் இடுப்பைக் காப்பாற்றிக்கொள்ள வயிற்றைத் தரைக்குத் திருப்பி விழுவான். அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டால் எடுப்பது பெரும்பாடு. பயம் போகவில்லை தம்பி, நீங்கள்தான் அதை ஊட்டி வளர்க்கிறீர்கள்.

விழுவதைப் படிப்படியாகத்தான் சொல்லிக்கொடுக்க வேண்டும். முதலில் முழங்காலில் நின்றபடி, பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் சாயட்டும். தரையில் படுகிற வரிசை: தொடையின் வெளிப்பக்கம், இடுப்பின் பக்கவாட்டுச் சதை, விலா, தோள். முழங்கையை ஊன்றினால் தோள்பட்டை போகும். பந்தின் பின்னால் ஒரு கை, மேலே ஒரு கை, அடியில் தரை என்று அமுக்க வேண்டும். இது சரியாக வந்தபின் குந்திய நிலையிலிருந்து விழட்டும், அப்புறம் நின்றபடி, கடைசியில் ஓர் அடி எடுத்து வைத்து. எப்போதும் பந்தை நோக்கிச் சற்று முன்பக்கமாக விழ வேண்டும், பின்னால் சாயவே கூடாது. பக்கத்துக்கு ஆறேழு போதும், நடுவில் ஓய்வு கொடுங்கள். திருவொற்றியூர்ப் பக்கம் கல் கொட்டாத மணலாகப் பார்த்து, பாட்டில் துண்டு இருக்கிறதா என்று கையால் துழாவிவிட்டு அங்கே விழ வையுங்கள். ஆனால் கால் பயிற்சியை மணலில் வைக்காதீர்கள், கால் புதையும், உந்த முடியாது.

கோலிக்கு டைவ் கடைசி வழி. இடம் பார்த்து நின்றவன் பாதிப் பந்துகளுக்கு விழவே வேண்டியதில்லை. பன்னிரண்டு மீட்டர் கயிறு இரண்டு வாங்குங்கள். கோல் கம்பத்துக்கு ஒன்றாகக் கட்டி, இரண்டு நுனியையும் கோலுக்கு நேர் எதிரே உள்ள பெனால்டி புள்ளியில் வைத்த பந்தருகே சேர்த்துப் பிடியுங்கள். கோட்டில் நிற்கிற பையன் காக்க வேண்டியது 7.32 மீட்டர். அவனை 5.5 மீட்டர் முன்னால், கோல் ஏரியா கோட்டுக்குக் கொண்டுவாருங்கள். கயிறுகளுக்கு நடுவே இருப்பது 3.66 மீட்டர்தான், சரிபாதி. அவனே பார்த்துத் தெரிந்துகொள்வான். இன்னும் முன்னால் வந்தால் தலைக்கு மேல் தூக்கிப் போடுவார்கள் என்பதையும் உடனே காட்டிவிடுங்கள். பந்தை இடம் மாற்றி மாற்றி வைத்து, கயிறுகளின் நடுவிலேயே சின்னச் சின்ன அடியாக நகரச் சொல்லுங்கள்.

அப்புறம் நீங்கள் கோலுக்குப் பின்னால் நின்று அவன் பாதங்களை மட்டும் பாருங்கள். எதிராளியின் கால் பந்தில் படும் நொடியில் கோலியின் இரண்டு பாதமும் தரையில், தோளகலத்தில், எடை முன்பாதத்தில், அசையாமல் இருக்க வேண்டும். பின்னால் நகர்ந்துகொண்டிருக்கும்போது பந்து வந்தால் எந்தப் பக்கமும் உந்த முடியாது. சின்னப் பசங்கள் வாங்குகிற கோல்களில் பல இதனால்தான். கை சரியில்லை என்று நாம் திட்டிக்கொண்டிருக்கிறோம்.

கிளவுஸில் பிராண்டு பார்க்காதீர்கள். போடும் முன் உள்ளங்கை லேடெக்ஸை லேசாக நனையுங்கள். ஆடி முடித்ததும் கையால் அலசி நிழலில் காயவைக்க வேண்டும், வெயில் பட்டால் வெடித்துவிடும். எழும்போது உள்ளங்கையை ஊன்றாமல் முஷ்டியை ஊன்றி எழப் பழக்குங்கள். நம் தரையில் கிளவுஸ் கிழிவது பந்தால் அல்ல.

நின்றுபோன நாலு பேர் வீட்டுக்கும் நீங்களே போய்க் கூப்பிடுங்கள். லைசென்ஸுக்கு டி என்கிற ஆரம்ப நிலையிலிருந்து தொடங்குங்கள், கீப்பர் லைசென்ஸ் தனியாக உண்டு, அதைப் பிறகு பார்க்கலாம். வகுப்பில் ஒருவர் பயிற்சி நடத்தும்போது மற்றவர்கள்தான் ஆட்டக்காரர்கள். நீங்கள் கோலி என்று தெரிந்தால் ஒவ்வொரு முறையும் கம்பத்துக்கு அனுப்பிவிடுவார்கள். முதல் நாளே கேட்டு மிட்ஃபீல்டில் நின்றுகொள்ளுங்கள்.