கம்பிக்குக் கீழே குடியிருப்போர் கேட்டவை

இந்தத் தடவை வந்த கடிதங்களில் முக்கால்வாசி டவர் லைன் பற்றியே. கூடங்குளத்திலிருந்து கிளம்புகிற 400 கே.வி. (கிலோ வோல்ட், அதாவது ஆயிரம் வோல்ட்) லைன், காற்றாலைகளுக்கு இழுத்த 110 கே.வி. லைன் என்று நம்ம பக்கம் கம்பி இல்லாத காட்டைப் பார்ப்பதே அரிது. அதனால் பயம் நியாயம்தான். எழுதுகிற விதம்தான் எரிச்சலாக இருக்கிறது.

அண்ணாச்சி, எங்கள் வீட்டுப் பக்கத்தில் டவர் லைன் போகிறது. கேன்சர் வருமா? (வள்ளியூர்)

எத்தனை கே.வி.? எத்தனை அடி தூரம்? இரண்டுமே இல்லை. டாக்டரிடம் போய் "உடம்பு சரியில்லை" என்று மட்டும் சொல்லிவிட்டு மருந்துக்குக் கை நீட்டுவீர்களா? டவர் காலில் மண்டையோடு போட்ட பலகையில் வோல்டேஜ் எழுதியிருக்கும். பலகையை யாராவது பழைய இரும்புக்குப் போட்டிருந்தால், நேராகத் தொங்கும் பீங்கான் தட்டுகளை எண்ணுங்கள். ஏழெட்டு என்றால் 110, பதினாலு பக்கம் என்றால் 230, இருபதுக்கு மேல் என்றால் 400. தரையில் நின்று எண்ணுங்கள், ஏற வேண்டாம்.

இனி கேன்சர். 1979-இல் அமெரிக்காவின் டென்வரில் நடந்த ஆய்விலிருந்து இந்தப் பேச்சு ஓடுகிறது. 2000-இல் பல நாட்டு ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தபோது, காந்தப்புலம் நாள் சராசரி 0.4 மைக்ரோ டெஸ்லாவுக்கு (காந்தப்புலத்தை அளக்கும் அலகு இது) மேல் இருந்த வீடுகளில் குழந்தைகளுக்கு ரத்தப் புற்றுநோய் ஏறக்குறைய இரண்டு மடங்கு தென்பட்டது. அந்த நோயே வருடத்துக்கு லட்சம் குழந்தைகளில் நாலைந்து பேருக்கு வருவது. காரணம் காந்தப்புலம்தானா என்று இன்றுவரை நிரூபணமில்லை. 2002-இல் சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் இதை '2பி', அதாவது 'இருக்கக்கூடும்' என்ற பிரிவில் வைத்தது. பெரியவர்களுக்கு வரும் புற்றுநோயோடு உறுதியான தொடர்பு எதுவும் காணவில்லை.

400 கே.வி. லைனுக்கு நேர் கீழே சில மைக்ரோ டெஸ்லா இருக்கும், லோடு ஏறினால் பத்து வரைகூடப் போகலாம். நூறு மீட்டர் தள்ளிப் போனால் வீட்டுக்குள் சாதாரணமாக இருக்கும் அளவுக்கு இறங்கிவிடும். இப்போது தூரத்தை அளந்துவிட்டு மறுபடி எழுதுங்கள்.

மருமகள் முழுகாமல் இருக்கிறாள். தெரு முக்கில் டிரான்ஸ்பார்மர். (மேலப்பாளையம்)

ஐந்தாறு மீட்டர் தள்ளி வீடு இருந்தால் மறந்துவிடுங்கள் தாயி. கருவுக்குக் கெடுதல் என்று உறுதியான ஆதாரம் எதுவும் இல்லை. எண்ணெய் ஒழுகினாலோ ஃப்யூஸ் பொறி பறந்தாலோ உடனே வாரியத்துக்குச் சொல்லுங்கள், அது நிஜ ஆபத்து.

செல்போனில் காந்தப்புலம் காட்டும் ஆப் போட்டு அளந்தேன். படுக்கையறையில் 43 காட்டுகிறது. அனுமதித்தது 0.4 தானே? நூறு மடங்கு! வீட்டை விற்றுவிடலாமா? (முன்னீர்பள்ளம்)

இந்த ஆப் கடிதம் மாதத்துக்குப் பத்தாவது வருகிறது. தம்பி, நீங்கள் அளந்தது மின்கம்பியை அல்ல, பூமியை! பூமியின் காந்தப்புலம் நம்ம ஊரில் ஏறத்தாழ 40 மைக்ரோ டெஸ்லா. நாளைக் காலையில் தாமிரபரணி படித்துறைக்குப் போய், கம்பியே இல்லாத இடத்தில் நின்று பாருங்கள். அங்கேயும் 40 பக்கம்தான் காட்டும். காந்த நடுக்கோடு (காந்த ஊசி மேலும் கீழும் சாயாமல் படுத்தவாக்கில் நிற்கும் கோடு) திருநெல்வேலிக்கு அருகே போவதால்தான் கிருஷ்ணாபுரத்தில் புவிகாந்த ஆய்வுக்கூடம் வைத்திருக்கிறார்கள். அந்தப் பக்கம் கோயில் சிற்பம் பார்க்கப் போகிறவர்களில் பாதிப் பேருக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது.

போனுக்குள் இருப்பது திசைகாட்டிச் சில்லு. அசையாத காந்தத்தைக் காட்டுவது அதன் வேலை. மின்கம்பியின் புலமோ நொடிக்கு 50 தடவை முன்னும் பின்னும் புரளுவது. அதை அளக்கச் சுருள் வைத்த தனி மீட்டர் வேண்டும். அதைக் கையில் வைத்துக்கொண்டு ஓடுகிற மிக்ஸி பக்கம் போனால் கம்பியைவிட அதிகம் காட்டும், இரண்டடி விலகினால் விழுந்துவிடும்.

அப்புறம், 0.4 என்பது அனுமதி வரம்பே இல்லை. ஆய்வாளர்கள் கணக்குக்காகப் போட்ட கோடு அது. பொதுமக்களுக்கான சர்வதேச வரம்பு 1998-இல் 100, 2010-இல் 200 மைக்ரோ டெஸ்லா.

எனக்கு இதில் ஏன் இத்தனை கோபம் என்றால், என் தெருவிலேயே ஒருவர் 3,500 ரூபாய்க்கு 'கதிர்வீச்சு தடுப்பு ஸ்டிக்கர்' வாங்கி மெயின் போர்டில் ஒட்டியிருக்கிறார். விற்க வந்த ஆள் போனை இரும்புப் பீரோ பக்கம் பிடித்து 90 காட்டினானாம். ஸ்டிக்கரை ஒட்டியதும் கூடத்து நடுவில் நின்று 42 காட்டினானாம். பாதியாகக் குறைந்துவிட்டதாம்! பீரோவின் இரும்பு செய்த வேலைக்கு 3,500 ரூபாய். சுவர், அலுமினியத் தாள், பிரமிடு எதுவும் காந்தப்புலத்தைத் தடுக்காது. சுவரும் மரமும் தடுப்பது மின்புலத்தை, அதாவது வோல்டேஜால் வருவதை மட்டும். வீட்டை விற்காதீர்கள், ஆப்பை அழியுங்கள்.

காற்றாலையிலிருந்து கதிர்வீச்சு வருமா? (பணகுடி)

ஜெனரேட்டர் இருப்பது கோபுரத்து உச்சியில். வராது. சத்தம் தொந்தரவென்றால் அது வேறு வழக்கு.

400 கே.வி. லைனுக்குக் கீழே எங்கள் தோட்டத்துக் கம்பிவேலி. தொட்டால் சுருக்கென்கிறது. இரவில் டியூப் லைட்டைக் கையில் பிடித்தாலே மினுங்குகிறது. (ராதாபுரம்)

முதல் உருப்படியான கடிதம். கே.வி. எழுதியிருக்கிறீர்கள், நன்றி. இரண்டுக்கும் காரணம் மின்புலம். வேலி தரையோடு சேராமல் நீளமாக ஓடினால் அதில் மின்சாரம் தூண்டப்பட்டுத் தேங்கும். சில இடங்களில் இரும்புக் கம்பியை மண்ணில் ஆழமாக இறக்கி வேலியை எர்த் பண்ணுங்கள், லைன்காரர்களிடம் கேட்டுக்கொண்டு. டியூப் லைட் வேடிக்கையைப் பிள்ளைகளுக்குக் காட்டாதீர்கள். அடுத்த நாள் நீளக் கம்போடு போவார்கள்.

கம்பு என்றதும் ஞாபகம் வருகிறது. லைன் பக்கம் அலுமினியத் தொரட்டி வைத்துத் தேங்காய், முருங்கை பறிக்காதீர்கள். போன தடவையும் எழுதினேன், அடுத்த தடவையும் எழுதுவேன். 2022 ஏப்ரலில் தஞ்சாவூர் களிமேட்டில் தேர் கம்பியில் உரசி 11 பேர் போனார்கள். காந்தப்புலம் பற்றி எழுதுகிற பத்துப் பேரில் ஒருவர்கூடத் தொரட்டி பற்றிக் கேட்பதில்லை.

எனக்கு பேஸ்மேக்கர். வயலுக்கு லைனைத் தாண்டித்தான் போக வேண்டும். (நாங்குநேரி)

தாண்டிப் போகலாம். லைனடியில் கட்டிலைப் போட்டுத் தூங்க வேண்டாம். வெல்டிங் பட்டறையில் நிற்க வேண்டாம். உங்கள் கருவியின் மாடலைச் சொல்லி இதய டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

லைன் வந்த பிறகு பசு தொட்டித் தண்ணீரில் வாய் வைக்க மாட்டேன் என்கிறது, பாலும் குறைந்துவிட்டது. பரிகாரம் உண்டா? (களக்காடு)

டவர் லைன் மேல் பழி போடுமுன் தொழுவத்து மோட்டாரைப் பாருங்கள். எர்த் சரியில்லாவிட்டால் தொட்டிக்கும் ஈரத் தரைக்கும் இடையே சில வோல்ட் நிற்கும். செருப்புப் போட்ட நமக்குத் தெரியாது, நாலு காலும் ஈரத்தில் நிற்கும் மாட்டுக்குத் தெரியும். முதலில் எலக்ட்ரீஷியன், அப்புறம் கால்நடை டாக்டர். சோசியரை மூன்றாவதாக வைத்துக்கொள்ளலாம்.