வார இறுதி முழுக்க யாரிடமும் பேசாமலே போகிறது என்று கேட்டவருக்கு

வேலைக்காகப் பெருநகரத்துக்கு வந்து எட்டு மாதம் ஆகிறது, வெள்ளி மாலை அறைக்கு வந்தால் திங்கள் காலை வரை பேச ஆளில்லை, என்னிடம்தான் ஏதோ குறையா என்று கேட்டிருந்தீர்கள். குறை எதுவும் இல்லை. கான்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஜெஃப்ரி ஹால் 2018இல் வெளியிட்ட ஆய்வில், அறிமுகமான ஒருவர் சாதாரண நண்பராவதற்கே ஏறத்தாழ 50 மணி நேரமும், நெருங்கிய நண்பராக 200 மணி நேரத்துக்கு மேலும் சேர்ந்து கழிக்க வேண்டியிருக்கிறது என்று கணக்கிட்டார், அதிலும் சேர்ந்து வேலை பார்த்த நேரம் அவ்வளவாக உதவவில்லை. கல்லூரியில் இந்த நேரம் கேட்காமலே கிடைத்தது, இப்போது நாமாகத்தான் உண்டாக்க வேண்டும்.

அதனால் ஒருமுறை மட்டும் நடக்கும் கூட்டங்களுக்கு அலையாதீர்கள். வாரா வாரம் அதே நாளில் அதே முகங்கள் வருகிற ஒன்றாகப் பாருங்கள், இறகுப்பந்து, மொழி வகுப்பு, வாசிப்பு வட்டம், எதுவானாலும் சரி. முதல் சில வாரங்கள் சங்கடமாகத்தான் இருக்கும், அப்போதுதான் பலரும் விட்டுவிடுகிறார்கள், நீங்கள் விடாதீர்கள்.

அப்புறம், பார்த்தால் சிரிக்கும் பக்கத்து அறைப் பெண்ணைப் பற்றி எழுதியிருந்தீர்களே, அவரிடம் "ஒருநாள் பார்க்கலாம்" என்றால் அந்த நாள் வராது. "சனிக்கிழமை மாலை நடக்கப் போகிறேன், வருகிறீர்களா" என்று கேளுங்கள். முடியாது என்றால் இன்னொரு வாரம் கேட்கலாம், தப்பே இல்லை.

அம்மாவிடம் தினமும் நன்றாக இருக்கிறேன் என்றே சொல்வதாக எழுதியதுதான் மனதைப் பிசைந்தது. ஒருவரிடமாவது உள்ளதைச் சொல்லுங்கள். தூக்கம் கெட்டு, வேலைக்குப் போகவே பிடிக்காத அளவுக்கு இழுத்தால் மனநல மருத்துவரைப் பாருங்கள், தள்ளிப்போட வேண்டாம்.