ஊழலை ஒழிக்க ராணுவம் வரலாமா? கேள்வி பதில்

கோபியிலிருந்து ஒரு தம்பி: ஐயா, அரசியல்வாதிங்க இந்தச் சுருட்டு சுருட்டறாங்க. அஞ்சு வருஷம் மிலிட்டரி கையில குடுத்தா நாடு உருப்படும்னு எங்க பேக்கரியில பேசிக்கறாங்க. சரிதானுங்களா?

பதில்: சரியில்லை தம்பி. நைஜீரியாவைப் பாருங்கள். 1966 ஜனவரி 15 அன்று சில மேஜர்கள் கிளம்பினார்கள். பத்து சதவீதம் கமிஷன் கேட்கிற லஞ்சக்காரர்கள்தான் எதிரி என்று கடூனா வானொலியில் அறிவித்தார்கள். கேட்டவர்களுக்குக் குளிர்ந்துதான் இருந்தது. ஆனால் பிரதமர் பலேவா உட்பட, கொல்லப்பட்ட தலைவர்களில் பலர் வடக்கத்தியர். சதி செய்தவர்களில் பெரும்பாலோர் தென்கிழக்கைச் சேர்ந்த இக்போ இனத்தவர். ஊழல் பேச்சு அப்படியே இனப்பகையாக மாறிப்போனது. ஜூலையில் வடக்கத்திய சிப்பாய்களின் எதிர்க்கலகம், அடுத்த ஆண்டு பியாஃப்ரா என்று தனிநாடாகப் பிரிந்த இக்போ பகுதியோடு போர். 1970 வரை நீடித்த அந்தப் போரில் பட்டினியால் மட்டும் லட்சக்கணக்கானோர் செத்தார்கள். சரி, கமிஷனாவது ஒழிந்ததா? 1990களில் ஆண்ட ஜெனரல் அபாச்சா வெளிநாட்டு வங்கிகளில் கோடிகோடியாகப் பதுக்கினார். அதை மீட்க அந்த நாடு பல ஆண்டுகள் அலைந்தது. தளபதி திருடினால் கேட்பதற்கு நீதிமன்றமும் இல்லை, பத்திரிகையும் இல்லை. எனக்கு ஆறாத கோபம் இதில்தான்.

பொள்ளாச்சியிலிருந்து ஒருவர்: இந்தச் சதியெல்லாம் பெரிய ஜெனரல்கள் போடுறதுங்களா?

பதில்: பல நேரங்களில் மேஜர், கர்னல் மட்டம்தான். சிப்பாய்கள் நேரடியாக அவர்கள் கையில் இருப்பார்கள். எகிப்தில், இஸ்ரேலோடு நடந்த 1948 போருக்குப் பழுதான ஆயுதம் வாங்கி மன்னரின் அரண்மனை ஆட்கள் காசு பார்த்தார்கள் என்று அதிகாரிகள் கொதித்துப்போயிருந்தார்கள். 1952 ஜூலையில் மன்னருக்கு எதிராகக் கலகத்தை நடத்திய லெப்டினன்ட் கர்னல் நாசருக்கு வயது 34. ஊர் மதிக்க ஒரு முகம் வேண்டுமென்று மூத்தவரான ஜெனரல் நகீப்பை முன்னால் நிறுத்தினார்கள். அன்றிரவு ஓர் அதிகாரி நேரத்தைத் தப்பாகப் புரிந்துகொண்டு ஒரு மணி நேரம் முன்பே படையோடு கிளம்பிவிட்டார். சதி கசிந்து, அதை அடக்கத் தளபதிகள் தலைமையகத்தில் கூடியிருந்த நேரம் அது. அத்தனை பேரும் அங்கேயே சிக்கினார்கள்! இரண்டே ஆண்டில் நகீப்பையே வீட்டுக்காவலில் வைத்துவிட்டு நாசர் நாட்டைத் தன் கைக்குள் கொண்டுவந்தார்.

ஈரோட்டிலிருந்து ஒரு சகோதரி: நல்லபடியா முடிஞ்சது ஒண்ணுகூட இல்லைங்களா?

பதில்: இருக்கிறது அம்மணி. போர்ச்சுகல், 1974 ஏப்ரல் 25. கேப்டன்கள் எழுந்தார்கள், சரியாக ஓராண்டில் தேர்தல் நடந்தது. ஆனால் அவர்கள் கவிழ்த்தது, மக்கள் ஓட்டுப்போட்டு இறக்கவே முடியாத ஒரு சர்வாதிகாரத்தை.

திருச்செங்கோட்டிலிருந்து ஒருவர்: இந்தியாவில் ஏனுங்க நடக்கவில்லை?

பதில்: இதற்கு உங்கள் பக்கத்து ஊர்க்காரரே சாட்சி. குமாரமங்கலம் ஜமீன் குடும்பத்தில் பிறந்த ஜெனரல் பி.பி.குமாரமங்கலம் 1966 முதல் 1969 வரை ராணுவத் தலைமைத் தளபதி. 1967 தேர்தல் நேரத்தில், இந்திய ஜனநாயகம் முடிந்தது, இனி ராணுவம்தான் கதி என்று லண்டன் பத்திரிகையில் எழுதினார்கள். அந்தத் தேர்தலில் தமிழ்நாடு உட்படப் பல மாநிலங்களில் ஆட்சி மாறியது. படை முகாமை விட்டு அசையவில்லை. அவர் ஒழுக்கம் மட்டும் காரணமில்லை. மூன்று படைக்கும் மேலே நின்ற ஒற்றைத் தளபதி பதவியை நாடு விடுதலையானதுமே எடுத்துவிட்டார்கள். தரைப்படைக்குள்ளும் கொல்கத்தா, லக்னோ, புனே என்று தனித்தனிக் கட்டளைத் தலைமையகங்கள். தில்லியில் நாலு பேர் கூடிப் பேசினால் மற்றவர்கள் பின்னால் வருவார்கள் என்பதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை.