கடன் வாங்கி சினிமா படிக்க வைக்க வேண்டாம்

பாரிஸ் அருகே சார்செல்லிலிருந்து எழுதிய அக்காவுக்கு,

பள்ளியின் கடைசி ஆண்டான தெர்மினாலில் படிக்கும் மகள், எழுத்தாளர்கள் வாழ்ந்த வீடுகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போவதாகச் சொல்கிறாள். உங்கள் தம்பி மருத்துவம்தான் என்று ஒற்றைக்காலில் நிற்கிறார். கணவரோ, கடனை வாங்கியாவது பெயர்பெற்ற தனியார் சினிமாப் பள்ளியில் சேர்க்கலாம் என்கிறார். பயப்படாதீர்கள். ஆனால் அந்தக் கடன் மட்டும் கூடவே கூடாது.

ஆண்டுக்கு ஏழெட்டாயிரம் யூரோ கேட்கும் பள்ளிகள் இருக்கின்றன. ஆவணப்படத் தொழிலிலோ தொடக்கத்தில் நிலையான சம்பளம் கிடையாது. பிரான்சில் ஒரு தொழில்நுட்பக் கலைஞர் 12 மாதத்தில் 507 மணி நேர வேலையைக் காட்டினால்தான் வேலையில்லாத நாட்களுக்கு உதவித்தொகை வரும். அதற்கே ஓடுகிறவள் தலையில் தவணையும் ஏறினால், கிடைத்த விளம்பர வேலைக்கெல்லாம் போவாள். ஆவணப்படம் அவ்வளவுதான். தம்பிக்கும் ஒரு வார்த்தை: மருத்துவத்தின் முதலாண்டு, ஆசையோடு வருகிறவர்களிலேயே பெரும்பாலோரை வெளியே தள்ளிவிடுகிறது.

மகள் எடுத்த படத்தைப் பார்த்தேன். பாரிஸின் பாஸி பகுதியில் நாவலாசிரியர் பல்சாக் 1840 முதல் 1847 வரை கடன்காரர்களுக்குப் பயந்து வேறு பெயரில் குடியிருந்த வீடு. சரிவில் கட்டியது என்பதால் மேலே ஒரு வாசல், கீழே சந்துக்குள் இன்னொன்று. அவள் எழுதுமேசையை விட்டுவிட்டு, அந்தக் கீழ்வாசலுக்கு எதிரே கேமராவை வைத்து, யாராவது நடந்து வரும்வரை காத்திருக்கிறாள். அந்தப் பொறுமையை எந்தப் பள்ளியும் விற்காது. ஆனால் காற்றில் ஒலி கெட்டுவிட்டது. உள்ளறைக் காட்சிகள் புள்ளி புள்ளியாக இருக்கின்றன. கையெழுத்துப் பிரதிகள் உள்ள அறையில் வெளிச்சம் பொதுவாக 50 லக்ஸைத் தாண்டாது, அதாவது மங்கல்தான், நம் விளக்கையும் விட மாட்டார்கள். மரத்தரை வேறு கிறீச்சிடும். இதையெல்லாம் சமாளிக்கத் தொழில் தெரிய வேண்டும்.

அதற்குத்தான் ஒலி-ஒளித் துறையின் பே-தே-எஸ் (BTS) என்னும் தொழிற்பட்டயப் படிப்பு. இரண்டே ஆண்டு, அரசு லிசேயில் (மேல்நிலைப் பள்ளியில்) கல்விக் கட்டணம் இல்லை. ஒளிப்பதிவு, ஒலி, படத்தொகுப்பு, தயாரிப்பு நிர்வாகம் என்று தனித்தனிப் பிரிவுகள் உண்டு. உண்மையான கருவிகளில் கை பழகும், வெளியே வேலைப் பயிற்சியும் உண்டு. 'அது பல்கலைக்கழகத்துக்குப் போக முடியாதவர்கள் படிப்பது' என்று உறவினர்கள் சொல்வார்கள். பொலோன்-பியாங்கூரின் ழாக் பிரெவேர் லிசேயில் இடம் கேட்டுப் பார்க்கட்டும், போட்டி எவ்வளவு என்று தெரியும். படம், ஒலி இரண்டிலும் இயற்பியல் கனமாக இருக்கும். அதில் இவள் தேறியவள் என்பது நல்லது.

அப்புறம் லிசான்ஸ் என்னும் இளநிலைப் பட்டம் முடித்துவிட்டு, ஆர்தேஷில் லூசாஸ் கிராமத்துக்குப் போகலாம். 1989 முதல் ஆவணப்படக்காரர்கள் கோடையில் கூடும் ஊர். கிரெனோபிள் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்த ஆவணப்பட மாஸ்டர் பட்டப்படிப்பும் அங்கே உண்டு. புகழ்பெற்றவர்கள் வாழ்ந்த வீடுகளுக்கென 2011-இல் வந்த 'மேசோன் தே இல்லுஸ்த்ர்' அரசு முத்திரையை 200-க்கும் மேற்பட்ட வீடுகள் பெற்றிருக்கின்றன. அவளுக்குப் படமெடுக்க வீடுகளுக்குப் பஞ்சமில்லை.

மேற்படிப்புக்கு விண்ணப்பிக்கும் அரசு இணையதளமான பார்கூர்சுப்பில் விருப்பங்களை மார்ச்சுக்குள் பதிய வேண்டும். இடங்கள் குறைவு, பாரிஸோடு நிற்காமல் வெளியூர் லிசேக்களையும் சேர்க்கட்டும். பட்டியலை அவளே நிரப்பட்டும். அன்றைக்குத் தம்பி பக்கத்தில் உட்கார வேண்டாம்.