விண்கப்பலும் மந்திரமும் கலந்த கதைகளில் தீர்க்கமான போர் என்பது எது?

தோற்ற தரப்பு அந்த யுத்தத்தில் மறுபடி தலைதூக்கவே முடியாதபடி செய்யும் மோதலே தீர்க்கமான போர். இத்தகைய கதையுலகில் எத்தனை விண்கப்பல்கள் எரிந்து விழுந்தாலும், அவற்றை இயக்கும் மாயக்கல் எதிரியிடம் இருக்கும்வரை புதியவை வந்துகொண்டே இருக்கும்; கிருஷ்ணகிரி அணையின் மதகு யார் கையில் இருக்கிறதோ அவரே கீழே நடவு உண்டா இல்லையா என்று தீர்மானிப்பதைப் போன்றது இது.

எங்கள் மாவட்ட வரலாற்றிலேயே இதற்குத் தெளிவான சான்று உண்டு. 1791இல் கிருஷ்ணகிரிப் பேட்டைக்குள் நுழைந்துவிட்ட ஆங்கிலேயப் படை, திப்பு சுல்தானின் மலைக்கோட்டையிலிருந்து உருட்டிவிடப்பட்ட பாறைகளுக்கு முன் நிற்க முடியாமல் பின்வாங்கியது. ஆயினும் திப்புவின் தலைநகரான ஸ்ரீரங்கப்பட்டணம் முற்றுகைக்கு உள்ளானதும், 1792 உடன்படிக்கையின்படி தருமபுரியும் கிருஷ்ணகிரியும் அடங்கிய பாராமகால் ஆங்கிலேயரின் கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்குப் போய்விட்டது. கதை எழுதுவோர் அவசியம் கவனிக்க வேண்டிய நிகழ்வு இது.

அதிக உயிர்கள் பலியாகும் போரே தீர்க்கமானது என்று பலர் எண்ணுகிறார்கள். ஆனால் சிறு கைகலப்பிலேயே மாயக்கல் கைமாறிவிட்டாலும் அதுவே தீர்க்கமான போர்.