குரல் இல்லாத படம்

கேள்வி: கடலில் மூழ்கிப் பாசி எடுக்கும் பெண்களைப் பற்றிய உங்கள் ஆவணப்படத்தில் பின்னணிக் குரலே இல்லையே, எப்படிப் புரியும்?
– வாசகி, மண்டபம்

பதில்: புரியும்மா. 1929-லேயே சோவியத் இயக்குநர் ஜிகா வெர்தோவ், இடையில் எழுத்து அட்டைகூடப் போடாமல் ஒரு முழு ஊமைப்படம் எடுத்துவிட்டார். (தயாரிப்பாளரை இதைச் சொல்லித்தான் மடக்கினேன்.) படத்தில் பாம்பன் சின்னப்பாலத்து அக்கா ஒருவர் விரல்விரலாகத் துணி சுற்றி, முடிச்சைப் பல்லால் இறுக்குகிறார். அந்த ஷாட்டை நான் வெட்டவே இல்லை. பாறையில் மரிக்கொழுந்துப் பாசியைப் பிய்த்தால் கை கிழியும் என்று நான் வேறு சொல்ல வேண்டுமா? இசையும் கிடையாது, மேலே வந்து அவர் மூச்சு வாங்கும் சத்தம்தான்.

பேட்டியும் எடுத்தேன். கேமராவைக் கண்டதும் எல்லோரும் கலெக்டரிடம் மனு கொடுப்பதுபோலப் பேசினார்கள். தூக்கிவிட்டேன். வள்ளத்தில் தங்களுக்குள் பேசிக்கொண்டதை மட்டும் வைத்தேன். அதில் பாதி கேட்கவில்லை என்பீர்கள். ஆமாம், மோட்டார் சத்தம் அப்படி.